ஆளில்லா ஊர்கள் எப்படி உருவாக்கப்படுகின்றன? மேகமலையும் மாஞ்சோலையும் எழுப்பும் நில உரிமைக் கேள்வி

கோம்பையில் விடிவதற்கு முன்பே ஜீப்புகள் புறப்பட்டுவிடுகின்றன. காய் எடுக்கவும் களை வெட்டவும் எல்லை தாண்டி இடுக்கி மாவட்டத்தின் ஏலத்தோட்டங்களுக்குச் செல்லும் பெண்கள் அவற்றில் நெருக்கியடித்து அமர்ந்திருப்பார்கள். அவர்களில் தலித் பெண்கள் கணிசமானோர். என் பாட்டியும் அப்படித்தான் முப்பது ஆண்டுகள் மலையேறி இறங்கினார். மாலையில் ஜீப் திரும்பும்போது காலனித் தெருவின் சில தொகுப்பு வீடுகளில் விளக்கு எரிவதில்லை. குடும்பத்தோடு திருப்பூருக்கோ தோட்டத்து லயத்துக்கோ போய்விட்டவர்களின் வீடுகள் அவை. மேற்கூரையின் காரை பெயர்ந்து விழுந்திருக்கிறது. சுவர் வெடிப்பில் அரசங்கன்று முளைத்திருக்கிறது.

அந்தத் தெருவிலிருந்து கிழக்கே பார்த்தால், பள்ளத்தாக்கின் மறுபுறத்தில் மேகமலைத் தொடர் தெரியும். 2021 பிப்ரவரியில் அது திருவில்லிபுத்தூர் – மேகமலை புலிகள் காப்பகமாக அறிவிக்கப்பட்டது. இந்தியாவின் 51-ஆவது, தமிழகத்தின் ஐந்தாவது புலிகள் காப்பகம். மொத்தப் பரப்பு ஏறத்தாழ 1,016 சதுர கிலோமீட்டர். அம்மலையின் அடிவாரத்திலும் உள்பகுதியிலும் தலைமுறைகளாக வாழும் குடும்பங்கள் இன்று வெளியேற்ற அச்சத்தில் இருக்கின்றன.

ஒரு தெருவில் மனிதர்கள் பிழைப்பு தேடித் தாமாக வெளியேறியிருக்கிறார்கள். எதிரே தெரியும் மலையில் மனிதர்களை வெளியேற்ற முயற்சி நடக்கிறது. இரண்டிடங்களிலும் பச்சை படர்கிறது, அல்லது படரப்போகிறது. ‘மனிதர் விலகினால் இயற்கை திரும்பும்’ என்று அண்மைக்காலமாக ஊடகங்களில் அழகிய ஒளிப்படங்களுடன் வரும் கட்டுரைகள் இவ்விரண்டையும் ஒன்றாகவே பார்க்கின்றன. சட்டம் படித்த ஒருவர் அப்படிப் பார்க்க முடியாது. ஓர் ஊர் ஆளில்லாமல் போவது இயற்கை நிகழ்வன்று. அதன் பின்னால் ஒரு நிலப்பதிவேடு இருக்கிறது. ஒரு குத்தகை ஒப்பந்தம் இருக்கிறது. ஓர் அரசாணை இருக்கிறது. அந்த ஊரை மூடி வளரும் காடு, அங்கு வாழ்ந்தவர்களின் உரிமைக்கான சாட்சியத்தையும் சேர்த்தே மூடுகிறது. இக்கட்டுரை பேச விரும்புவது அந்தச் சாட்சியத்தைப் பற்றித்தான்.

‘கைவிடப்பட்ட’ என்ற சொல்

வட இந்திய, தக்காண வருவாய்ப் பதிவேடுகளில் ஆளில்லா ஊருக்கு ‘பே-சிராக்’ என்றொரு பாரசீகப் பெயர் உண்டு. விளக்கு இல்லாதது என்பது அதன் பொருள். 2011 மக்கள்தொகைக் கணக்கெடுப்பில் பதிவான சுமார் 6.40 லட்சம் வருவாய்க் கிராமங்களில் மக்கள் வசித்தவை சுமார் 5.97 லட்சம் மட்டுமே. எஞ்சிய நாற்பதாயிரத்துக்கும் மேற்பட்டவை பெயரளவில் மட்டும் கிராமங்கள். உத்தராகண்ட் மாநிலத்தில் 2011-க்குப் பின் 734 ஊர்கள் ஆளற்றுப் போனதாக அம்மாநில இடப்பெயர்வு ஆணையம் 2018-இல் அறிக்கை அளித்தது. நம் தூத்துக்குடி மாவட்டத்து மீனாட்சிபுரத்தில் தண்ணீர்ப் பஞ்சத்தால் எல்லோரும் வெளியேறிய பின் ஒரேயொரு முதியவர் பல ஆண்டுகள் தனித்து வாழ்ந்து 2024-இல் மறைந்தார் என்ற செய்தியைப் பலரும் படித்திருப்பீர்கள்.

இச்செய்திகளில் எல்லாம் ‘கைவிடப்பட்ட கிராமம்’ என்ற தொடர் தவறாமல் வருகிறது. இத்தொடரில் யார் கைவிட்டது என்பது இல்லை. மக்கள் ஊரைக் கைவிட்டார்களா? அரசு மக்களைக் கைவிட்டதா? முதலாளி தோட்டத்தைக் கைவிட்டாரா? ஒவ்வொன்றுக்கும் சட்ட விளைவு வேறு. செய்தவரை மறைக்கும் இந்தச் செயப்பாட்டு வினை, பொறுப்பேற்க வேண்டியவரையும் மறைத்துவிடுகிறது.

இங்கே ஒன்றைத் தெளிவுபடுத்த வேண்டும். ஊர் அழிகிறதே என்று புலம்புவது தலித் அரசியலின் வேலையன்று. இந்தியக் கிராமத்தை அறியாமையும் குறுகிய மனப்பான்மையும் மண்டிய இடம் என்று 1948 நவம்பர் 4 அன்று அரசியல் நிர்ணய சபையில் கடுமையாக விமர்சித்தவர் அம்பேத்கர். ஊர் வேறு, சேரி வேறு என்று பிரித்து வைத்த ஓர் அமைப்பிலிருந்து வெளியேறுவது நம்மில் பலருக்கு விடுதலையாகவே இருந்திருக்கிறது. பண்ணையடிமையாக இருந்தவரின் மகன் சென்னையில் ஆட்டோ ஓட்டுவதையோ மகள் திருப்பூரில் தையல் எந்திரத்தில் அமர்வதையோ நாம் இழப்பு என்று சொல்ல மாட்டோம்.

ஆனால் அதே அம்பேத்கர், வெளியேறுவதோடு நிறுத்தவில்லை. 1942 ஜூலையில் நாக்பூரில் கூடிய பட்டியல் சாதியினர் மாநாடு தனிக் குடியேற்றங்களைக் கோரியது. 1947-இல் அவர் எழுதிய ‘மாகாணங்களும் சிறுபான்மையினரும்’ என்ற ஆவணம், சாகுபடிக்குத் தகுந்த, பயன்பாட்டில் இல்லாத அரசு நிலங்களைக் கொண்டு பட்டியல் சாதியினருக்குத் தனிக் கிராமங்களை உருவாக்க ஒரு குடியேற்ற ஆணையம் வேண்டும் என்று முன்வைத்தது. வெற்று நிலத்தைத் தலித் கிராமமாக்குவது அவருடைய திட்டம். எழுபத்தைந்து ஆண்டுகளுக்கும் மேலாகிவிட்டது. இன்று நம் கண்முன் நடப்பது அதன் நேரெதிர்: தலித்துகள் உழைத்து உருவாக்கிய குடியிருப்புகள் வெற்று நிலமாக்கப்படுகின்றன.

ஒரே வெறுமை, இருவேறு விளைவு

நிலம் ஆளில்லாமல் கிடந்தால் என்ன ஆகும் என்ற கேள்விக்கு, அது யாருடைய நிலம் என்பதைப் பொறுத்தே விடை கிடைக்கிறது.

கம்பம் பள்ளத்தாக்கில் பட்டா நிலம் வைத்திருப்பவர் மதுரையிலோ அமெரிக்காவிலோ குடியேறலாம். நிலம் இருபது ஆண்டு தரிசாகக் கிடக்கலாம். சீமைக்கருவேலம் மண்டலாம். தரிசாகப் போட்டதற்காக அவருடைய பட்டாவை யாரும் ரத்து செய்வதில்லை. நிலத்தின் விலை ஏறும்போது அவர் திரும்பி வருவார். காற்றாலைக்கோ மனைப்பிரிவுக்கோ அதைக் கொடுப்பார். அவருக்கு வெறுமை என்பது காத்திருப்பு.

காலனியில் இலவச வீட்டுமனை பெற்றவரின் நிலை வேறு. அவருக்கு வழங்கப்படுவது நிபந்தனைப் பட்டா. குறித்த காலத்துக்குள் வீடு கட்டிக் குடியேற வேண்டும் என்பது ஒரு நிபந்தனை. வீடு கட்டப் பணம் சேர்ப்பதற்காகவே அவர் ஏலத்தோட்டத்துக்கோ செங்கல் சூளைக்கோ போயிருப்பார். திரும்பி வரும்போது ‘மனை பயன்படுத்தப்படவில்லை’ என்று ஒப்படைப்பை ரத்து செய்யும் அறிவிப்பு கதவில்லாத அந்த மனையில் ஒட்டப்பட்டிருக்கும். இத்தகைய அறிவிப்புகளுக்கு மறுமொழி எழுதுவது என் அன்றாடப் பணிகளில் ஒன்று. இவருக்கு வெறுமை என்பது குற்றம்.

பஞ்சமி நிலத்தின் கதையும் இதுவே. செங்கல்பட்டு ஆட்சியர் திரமென்ஹீரின் அறிக்கையைத் தொடர்ந்து 1892 செப்டம்பர் 30 அன்று பிறப்பிக்கப்பட்ட அரசாணை 1010-இன்படி ஒடுக்கப்பட்ட மக்களுக்கு நிலம் ஒதுக்கப்பட்டது. பத்து ஆண்டுகளுக்கு விற்கக்கூடாது, அதன் பின்னும் ஒடுக்கப்பட்ட வகுப்பினருக்கே விற்க வேண்டும் என்பது நிபந்தனை. சுமார் 12 லட்சம் ஏக்கர் இவ்வாறு வழங்கப்பட்டதாகப் பொதுவாகக் குறிப்பிடப்படுகிறது. பஞ்சத்திலும் கடனிலும் அம்மக்கள் ஊரைவிட்டு அகன்றபோது நிலம் கைமாறியது. 1979-இல் தொடங்கிய நிலப்பதிவு மேம்பாட்டுத் திட்டத்தின்போது பல இடங்களில் அனுபவத்தில் இருந்த பிற சாதியினரின் பெயரிலேயே பட்டா எழுதப்பட்டது. நிபந்தனையை மீறியவர் பெயரில் அரசே பட்டா கொடுத்தது. அந்த நிலத்தைத் திரும்பக் கேட்டதற்காகத்தான் 1994 அக்டோபர் 10 அன்று செங்கல்பட்டில் காரணை நிலப் போராட்டத்தின்போது ஜான் தாமஸும் ஏழுமலையும் காவல்துறையின் துப்பாக்கிச்சூட்டில் உயிரிழந்தனர்.

ஜப்பானிலும் கிராமங்கள் காலியாகி வருகின்றன. அங்கே சிக்கலின் வடிவம் வேறு. 2016 நிலவரப்படி, உரிமையாளரைக் கண்டறிய முடியாத நிலம் மட்டும் சுமார் 41 லட்சம் ஹெக்டேர் என்று மதிப்பிடப்பட்டது. அது கியூஷூ தீவைவிடப் பெரிய பரப்பு. உரிமையாளர் இறந்து, வாரிசுகளுக்கும் நினைவற்றுப் போன பின்னரும் பதிவேட்டில் அவருடைய பெயர் நிற்கிறது. அதைச் சரிசெய்ய 2024 ஏப்ரல் முதல் வாரிசுரிமைப் பதிவை அந்நாடு கட்டாயமாக்கியது. அங்கே ஆள் மறைந்த பின்னும் பெயர் அழியவில்லை. இங்கே ஆள் உயிரோடு நிற்கிறார். பதிவேட்டில் அவருக்குப் பெயரே இல்லை.

மாஞ்சோலை: வேலையோடு கட்டப்பட்ட வீடு

ஓர் ஊர் எவ்வாறு சட்டபூர்வமாக ஆளில்லா ஊராக்கப்படுகிறது என்பதற்குத் தமிழகத்தின் அண்மைக்கால எடுத்துக்காட்டு மாஞ்சோலை. கம்பம் பள்ளத்தாக்கின் தோட்டத் தொழிலாளர் ஒவ்வொருவரும் இவ்வழக்கை உன்னிப்பாகப் படிக்க வேண்டும்.

1929-இல் சிங்கம்பட்டி ஜமீன், சுமார் 8,374 ஏக்கர் மலைக்காட்டை 99 ஆண்டுக் குத்தகைக்குப் பாம்பே பர்மா வர்த்தக நிறுவனத்துக்குக் கொடுத்தது. மாஞ்சோலை, காக்காச்சி, நாலுமுக்கு, ஊத்து, குதிரைவெட்டி ஆகிய தோட்டக் குடியிருப்புகள் உருவாயின. காட்டை வெட்டித் தேயிலை நட்டவர்கள் சமவெளியிலிருந்து கொண்டுவரப்பட்ட கூலிகள், பெரும்பாலோர் தலித்துகள். 1948-இன் ஜமீன் ஒழிப்புச் சட்டத்துக்குப் பின் நிலம் அரசுக்கு வந்தது, குத்தகை தொடர்ந்தது. ஜமீன் ஒழிந்தது; நிறுவனத்தின் குத்தகைக்கு எந்தச் சேதமும் வரவில்லை; உழைத்தவருக்கு ஒரு சென்ட் நிலமும் வரவில்லை. 1988-இல் அப்பகுதி களக்காடு – முண்டந்துறை புலிகள் காப்பகத்துக்குள் வந்தது.

கூலி உயர்வு கேட்டுச் சிறைப்பட்ட தொழிலாளரை விடுவிக்கக் கோரி 1999 ஜூலை 23 அன்று திருநெல்வேலியில் பேரணி நடந்தது. காவல்துறையின் தடியடியில் தாமிரபரணி ஆற்றில் வீழ்ந்து, ஒரு குழந்தை உட்பட 17 பேர் உயிரிழந்தனர். அந்த உயிரிழப்புக்குப் பின்னரும் அக்குடும்பங்கள் அம்மலையில்தான் வாழ்ந்தன. வேறு இடம் அவர்களுக்கு இல்லை.

2018-இல் அந்நிலம் காப்புக்காடாக அறிவிக்கப்பட்டது. குத்தகை 2028-இல்தான் முடிகிறது என்றாலும், நிறுவனம் முன்கூட்டியே வெளியேற முடிவு செய்து 2024-இல் தொழிலாளருக்கு விருப்ப ஓய்வுத் திட்டத்தை அறிவித்தது. வேலை முடிந்ததால் வீடும் முடிந்தது. தோட்டத்தை அரசின் தேயிலைத் தோட்டக் கழகமான டான்டீ ஏற்று நடத்த வேண்டும் என்ற கோரிக்கையை 2024 டிசம்பரில் உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை ஏற்கவில்லை. நான்கு தலைமுறை வாழ்ந்த ஊர், நிர்வாக மொழியில் ‘குத்தகைக் காலம் நிறைவுற்ற வனநிலம்’ என்று ஆனது.

இதில் சட்டத்தின் இடைவெளியைக் கவனிக்க வேண்டும். 1951-இன் தோட்டத் தொழிலாளர் சட்டம் வீடு வழங்கும் கடமையை முதலாளியின்மீது சுமத்தியது. ஆனால் அது தொழிலாளி என்ற தகுதிக்கு வழங்கப்பட்ட வீடு. குடிமகன் என்ற தகுதிக்கு அன்று. 2013-இன் நிலம் கையகப்படுத்தல் சட்டம், நிலமற்ற கூலித் தொழிலாளரையும் பாதிக்கப்பட்ட குடும்பமாக ஏற்கிறது. இங்கே கையகப்படுத்தல் நடக்கவில்லை, குத்தகைதான் முடிகிறது. ஆகவே அச்சட்டமும் துணைக்கு வராது. அரசுத் தோட்டமானாலும் பாதுகாப்பு இல்லை. இலங்கையிலிருந்து தாயகம் திரும்பிய மலையகத் தமிழருக்கு வேலை தருவதற்காக 1968-இல் தொடங்கப்பட்ட டான்டீயே, 2,152 ஹெக்டேர் நிலத்தை வனத்துறையிடம் திரும்ப ஒப்படைக்க 2022-இல் முடிவெடுக்கப்பட்டது.

கோம்பையிலிருந்தும் தேவாரத்திலிருந்தும் ஏலத்தோட்டங்களில் தங்கி வேலை செய்யப் போனவர்களின் வீடும் இப்படித்தான் வேலையோடு கட்டப்பட்டிருக்கிறது. குமுளிக்கு அப்பால் பீர்மேடு வட்டாரத்தில் 2000-ஐ ஒட்டி மூடப்பட்ட தேயிலைத் தோட்டங்களில் இடிந்து விழும் லயங்களுக்குள் வாழும் தமிழ்த் தொழிலாளர் குடும்பங்களே அதற்குச் சான்று.

மேகமலை: எழுபத்தைந்து ஆண்டுகள் என்ற சுவர்

மேகமலை – வருசநாட்டுப் பகுதியின் வரலாறு சற்றுச் சிக்கலானது. வருசநாட்டுப் பள்ளத்தாக்கு கண்டமனூர் ஜமீனின் கீழ் இருந்தது. அங்கே பளியர் பழங்குடியினர் இருக்கிறார்கள், தலித்துகள் இருக்கிறார்கள், இடைநிலைச் சாதிகளைச் சேர்ந்த சிறு விவசாயிகளும் இருக்கிறார்கள். இலவம், முந்திரி, கொட்டைமொச்சை என்று மானாவாரிச் சாகுபடி. அரசரடி, பொம்மராஜபுரம், இந்திரா நகர், நொச்சி ஓடை போன்ற மலைக் குடியிருப்புகளின் மக்கள் வெளியேற்றத்துக்கு எதிராகத் தொடர்ந்து போராடி வருகிறார்கள். வைகையின் ஊற்றுக்கண்ணைக் காக்க வேண்டும் என்பது அரசுத் தரப்பின் வாதம். மலையுச்சியில் தனியார் தேயிலைத் தோட்டங்கள் இன்றும் இயங்குகின்றன என்பதையும் அத்துடன் சேர்த்தே சொல்ல வேண்டும். ஆவணமுள்ள ஆயிரம் ஏக்கர் தோட்டத்தைவிட ஆவணமற்ற இரண்டு ஏக்கர் முந்திரிக் காடு சூழலுக்கு ஆபத்தானது என்று எந்த அறிவியலும் கூறவில்லை.

இம்மக்களுக்கான கருவி 2006-இன் வன உரிமைச் சட்டம். உரிமை அங்கீகரிக்கும் பணி முடியும்வரை எவரையும் வெளியேற்றக்கூடாது என்கிறது அதன் 4(5)-ஆம் பிரிவு. புலிகள் காப்பகத்திலும் கிராமசபையின் ஒப்புதலும் மக்களின் விருப்பமும் இல்லாமல் இடமாற்றக்கூடாது என்பது வன உயிரினப் பாதுகாப்புச் சட்டத்தின் 38-வி பிரிவு. ஆனால் தமிழகத்தில் இச்சட்டம் தொடக்கத்திலேயே முடமாக்கப்பட்டது. 2008-இல் சென்னை உயர் நீதிமன்றம் பிறப்பித்த இடைக்கால ஆணையால் பட்டா வழங்கல் முடங்கியது. 2016-இல் உச்ச நீதிமன்றம் அத்தடையை நீக்கியது. எட்டு ஆண்டுகள் போயின. அதற்குள் எத்தனை முதியவர்கள் இறந்தார்கள்? ஒவ்வொருவரும் ஒரு சாட்சி. 2019 பிப்ரவரி 13 அன்று, மனு நிராகரிக்கப்பட்டவர்களை வெளியேற்ற உச்ச நீதிமன்றம் ஆணையிட்டது. பதினைந்து நாளில் அதுவே அதை நிறுத்தி வைத்தது. அந்த அச்சம் இன்னும் நீங்கவில்லை.

தலித்துகளைப் பொறுத்தவரை இச்சட்டத்தின் உள்ளேயே ஒரு சுவர் இருக்கிறது. பழங்குடியினர் 2005 டிசம்பர் 13-க்கு முன் காட்டில் வாழ்ந்ததைக் காட்டினால் போதும். பட்டியல் சாதியினர் ‘பிற பாரம்பரிய வனவாசிகள்’ என்ற வகைக்குள் வருகிறார்கள். அவர்கள் அந்தத் தேதிக்கு முன் மூன்று தலைமுறை, அதாவது 75 ஆண்டுகள், வாழ்ந்ததை நிரூபிக்க வேண்டும். கணக்குப் போட்டால் 1930 டிசம்பர். 1929-இல் முதல் காட்டை வெட்டக் கொண்டுவரப்பட்டவரின் வாரிசு ஒருவேளை இந்த அளவைக் கடக்கலாம். 1935-இல் வந்தவரின் பேரன் கடக்க முடியாது. 1930-இல் சேரியில் பிறந்தவருக்கு எந்த அலுவலகம் ஆவணம் கொடுத்தது? கோயிலுக்குள் நுழையவும் பள்ளியில் அமரவும் தடுக்கப்பட்டவரிடம் அதே காலத்துக் காகிதத்தைக் கேட்பது எவ்வகை நீதி?

கிராம அளவிலான வன உரிமைக் குழுவில் பழங்குடியினருக்கும் பெண்களுக்கும் இடம் உறுதி செய்யப்பட்டிருக்கிறது. பட்டியல் சாதியினருக்குத் தனி இட உறுதி இல்லை. சாதி இந்துக்கள் பெரும்பான்மையாக உள்ள கிராமசபையில் காலனி மக்களின் மனு எந்த வரிசையில் எடுக்கப்படும் என்பதை நான் விளக்க வேண்டியதில்லை.

காடு மூடும் சாட்சியம்

எனினும் அச்சட்டத்தின் விதிகளில் நம்மவர்கள் போதிய அளவு பயன்படுத்தாத ஒரு வாசல் திறந்தே இருக்கிறது. எவையெல்லாம் சான்றுகள் என்று விதி 13 பட்டியலிடுகிறது. அரசு ஆவணங்கள் மட்டுமல்ல; வீடு, குடிசை, நிலத்தைச் சமன்படுத்திய வேலை, வரப்பு, தடுப்பணை ஆகியவையும் சான்றுகள். சமூக உரிமைக்கு, மக்கள் கட்டிய கட்டுமானங்களின் எச்சங்கள், வழிபாட்டு மரங்கள், குளங்கள், இடுகாடு, சுடுகாடு ஆகியவையும் சான்றுகள். மனுதாரர் அல்லாத முதியவரின் எழுத்து வடிவ வாக்குமூலமும் சான்று. இவற்றில் ஒன்றுக்கு மேற்பட்டவை இருந்தால் பரிசீலிக்க வேண்டும். செயற்கைக்கோள் படம் துணைச் சான்றாகலாமே தவிர, பிற சான்றுகளுக்கு மாற்றாகாது என்றும் 2012-இன் திருத்த விதிகள் கூறுகின்றன. ஆக்கிரமிப்பாளர் என்று சொல்லி வருவாய்த்துறை தண்டம் விதித்த பி-மெமோ ரசீதைக்கூட நம் மக்கள் தகரப் பெட்டியில் பாதுகாத்து வைத்திருப்பது ஏன் என்று இப்போது புரியும். தண்டம் கட்டிய நாளில் அவர் அங்கு இருந்தார் என்பதற்கு அரசே கொடுத்த அத்தாட்சி அது.

ஆக, இடிந்த சுவர் வெறும் இடிபாடு அன்று. அது சட்டத்தின் பார்வையில் ஆவணம். கற்களை அடுக்கிய வரப்பு ஆவணம். வேப்பமரத்தடியில் நட்ட சூலம் ஆவணம். தேயிலைச் செடிகூட ஒருவகையில் ஆவணமே. தேயிலை இயல்பில் மரமாக வளரக்கூடியது. அது இடுப்பளவில் நிற்பது, கொழுந்து பறிக்கும் பெண்களின் கையும் கவாத்துக் கத்தியும் ஆண்டு முழுதும் அதன்மீது இருப்பதால்தான். அந்தக் கைகள் விலகினால் சில ஆண்டுகளில் அது மரமாகிவிடும். மூடப்பட்ட தோட்டத்தில் தேயிலை மரங்களின் உயரத்தைப் பார்த்தால், தொழிலாளர் வெளியேறி எத்தனை ஆண்டுகள் ஆயின என்று ஏறக்குறையச் சொல்லிவிடலாம்.

வெளியேற்றத்துக்குப் பின் முதலில் நடப்பது வீடுகளை இடிப்பது. பின்னர் மழையும் வேரும் எஞ்சியதை முடிக்கும். பத்து ஆண்டு கழித்து எடுக்கப்படும் செயற்கைக்கோள் படத்தில் ஒரே பச்சை. ‘இங்கே யாரும் வாழ்ந்ததற்கான தடயம் இல்லை’ என்று ஓர் அறிக்கை எழுதப்படும். அந்த அறிக்கையில் பொய் இருக்காது. தடயத்தை அகற்றியது யார் என்ற வரி மட்டும் இருக்காது. சட்டவிரோதமாக வெளியேற்றப்பட்டவருக்கு அதே இடத்திலோ மாற்றிடத்திலோ மறுவாழ்வு கோரும் உரிமையை வன உரிமைச் சட்டத்தின் 3(1)(ம) என்று நாம் மொழிபெயர்க்கும் உட்பிரிவு தருகிறது. 2005 டிசம்பர் 13-க்கு முந்தைய வெளியேற்றங்களுக்கு அது பொருந்தும். தடயமும் முதியவரும் மறைந்த பின் அவ்வுரிமை வெறும் எழுத்து.

புலிக்கு எதிரான வாதமன்று

இவ்வாறு எழுதினால், காட்டுக்கும் புலிக்கும் எதிராகப் பேசுவதாகச் சிலர் குற்றஞ்சாட்டுவார்கள். வைகையும் தாமிரபரணியும் மலைக்காட்டில் பிறக்கின்றன. மலை வறண்டால் முதலில் குடம் தூக்குவது காலனிப் பெண்தான். முதலாளிகளின் தேயிலை மலையில் வேண்டுமா என்ற கேள்வியும் நியாயமானது. அங்கே சோலைக்காடு திரும்புவது நல்லதே.

கேள்வி, அதற்கான விலையை யார் கொடுப்பது என்பதுதான். தேசியப் புலிகள் பாதுகாப்பு ஆணையம் 2024 ஜூனில் மாநிலங்களுக்கு அனுப்பிய கடிதத்தின்படி, காப்பகங்களின் மையப் பகுதிகளில் 591 கிராமங்களைச் சேர்ந்த 64,801 குடும்பங்கள் இன்னும் வாழ்கின்றன. அவர்களை இடமாற்றும் பணியை விரைவுபடுத்த வேண்டும் என்று அக்கடிதம் கேட்டது. குடும்பத்துக்கு 15 லட்சம் ரூபாய் என்பது இன்றைய மறுவாழ்வுத் தொகை. கம்பத்திலோ சின்னமனூரிலோ அத்தொகைக்கு வீட்டுமனையும் வீடும் வாங்கிய பின் பிழைப்புக்கு என்ன மிஞ்சும் என்று கணக்கிட்டுப் பாருங்கள்.

இன்னொன்று: இயற்கை தானாகத் திரும்புவதும் இல்லை. ஆள் விலகிய நிலத்தில் முதலில் நுழைவது பெரும்பாலும் சோலை மரங்கள் அல்ல. உண்ணிச்செடியும் பிற அயல் களைகளும்தான். சமவெளியில் சீமைக்கருவேலம் செய்ததை மலையில் அவை செய்கின்றன. அடர்ந்த தேயிலை வரிசைகளுக்கிடையே சோலைக்கன்று எழும்புவதும் கடினம். களை அகற்ற வேண்டும். நாற்று வளர்க்க வேண்டும். நீரோடைகளை மீட்க வேண்டும். இதற்கெல்லாம் ஆள் வேண்டும். அம்மலையின் ஒவ்வோர் ஓடையையும் பெயர் சொல்லி அறிந்த ஆள் யார்? காட்டை அழித்த பழி அவர்மீது சுமத்தப்பட்டது. காட்டை மீட்கும் வேலை மட்டும் ஒப்பந்ததாரருக்குப் போகிறது. வெட்டச் சொன்னவரும் லாபம் பெற்றவரும் எங்கே என்று யாரும் கேட்பதில்லை.

செய்ய வேண்டியவை

அரசின் முன் வைக்க வேண்டிய கோரிக்கைகள் தெளிவானவை. பட்டியல் சாதியினருக்கு 75 ஆண்டு நிபந்தனையை நீக்கி, பழங்குடியினருக்குரிய 2005 என்ற வரம்பையே பொருத்தும் சட்டத் திருத்தம் வேண்டும். வன உரிமைக் குழுக்களில் அவர்களுக்கு இட உறுதி வேண்டும். தோட்டக் குத்தகை முடியும் இடங்களில், தலைமுறைகளாக வாழ்ந்த தொழிலாளருக்கு நிலத்துக்கு நிலம் என்ற மறுவாழ்வுச் சட்டம் வேண்டும். காட்டை மீட்கும் பணியில் அவர்களுக்கே முதலுரிமையும் நிரந்தர ஊதியமும் வேண்டும். முன்னோரின் கல்லறைகளுக்குச் செல்லும் உரிமை எழுத்தில் வேண்டும். பிழைப்புக்காக வெளியூர் சென்றவரின் வீட்டுமனைப் பட்டாவை ‘குடியேறவில்லை’ என்ற காரணத்துக்காக ரத்து செய்வதை நிறுத்த வேண்டும். பஞ்சமி நிலப் பதிவுகளை 1979-க்கு முந்தைய பதிவேடுகளோடு ஒப்பிட்டு வெளியிட வேண்டும்.

அரசுக்காகக் காத்திராமல் நாம் செய்யக்கூடியதும் ஒன்று உண்டு. மலைக் குடியிருப்புகளிலும் தோட்ட லயங்களிலும் பிறந்த முதியவர்கள் இன்னும் நம் தெருக்களில் இருக்கிறார்கள். அவர்களிடம் அமர்ந்து, எந்த ஆண்டு, எந்த ஓடைக்கரை, யார் யார் வீடு, எவ்விடத்தில் யாரைப் புதைத்தார்கள் என்று கேட்டு எழுதி, நாளிட்டு, கைரேகையோ கையொப்பமோ பெற்று வையுங்கள். எஞ்சியிருக்கும் சுவரையும் வரப்பையும் கல்லறையையும் இருப்பிடக் குறியீட்டோடு கைப்பேசியில் படம் பிடியுங்கள். பி-மெமோ, தோட்டத்து ஊதியச் சீட்டு, குடும்ப அட்டை, பள்ளி மாற்றுச் சான்றிதழ் எதையும் எறியாதீர்கள். கிராமசபையில் தீர்மானமாகப் பதியச் சொல்லுங்கள்; மறுத்தால் மறுத்ததை எழுதி வாங்குங்கள்.

என் பாட்டி களை வெட்டிய தோட்டத்தின் பெயரைக் கேட்டு எழுதி வைக்க வேண்டும் என்று எனக்குத் தோன்றியபோது அவர் இல்லை. முப்பது ஆண்டு உழைப்புக்கு எங்கள் வீட்டில் இன்று ஒரு துண்டுக் காகிதமும் இல்லை. சட்டம் படித்த பேத்தியின் வீட்டிலேயே இதுதான் நிலை. அந்தத் தவறு இன்னொரு வீட்டில் நேர வேண்டாம். அடுத்த பருவமழைக்குள் இன்னொரு சுவர் விழுந்துவிடும்.